தையல்காரர் நிலாக்கல்லை விழுங்கிய பிறகு

அந்த அமாவாசையன்று காலை, தலைவலி மாத்திரை என்று நினைத்துத் தையல்காரர் ஊரின் நிலாக்கல்லை விழுங்கிவிட்டார். தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. நிலாக்கல் என்பது சதுக்கத்தின் நடுவில் இருந்த வெள்ளைக் கோளம். ஊருக்கே அதுதான் சாமி. நிலாவோடு சேர்ந்து வளரும், நிலாவோடு சேர்ந்து தேயும். பௌர்ணமியன்று மாடி ஜன்னல்வரை எழும்பிச் சதுக்கத்தையே அடைத்துக்கொள்ளும். சுற்றியிருந்த கடைக்காரர்கள் அன்று மட்டும் பின்வாசல் வழியாக வியாபாரம் செய்வார்கள். அமாவாசையன்று மாத்திரை அளவுக்குச் சுருங்கிவிடும். கல்லுக்குக் காவலாக இருந்த அம்மா அப்போது அதை வீட்டுக்கு எடுத்துவந்து, சோப்புப் போட்டுக் கழுவி, சாஸரில் காயவைப்பார். சாமியைக் குளிப்பாட்ட அந்த ஒரு நாள்தான் தோது. காவல்காரம்மாவின் கணவர்தான் தையல்காரர்.

"தலைவலி பறந்துபோச்சு" என்றார் தையல்காரர் சந்தோஷமாக. அம்மா சாஸரைப் பார்த்தார். கல்லைக் காணோம், பக்கத்தில் மாத்திரை அப்படியே இருந்தது. "ஏங்க, நீங்க முழுங்கினது மாத்திரை இல்ல. சாமி" என்று சொல்லிவிட்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டார். டாக்டரம்மா வந்து வயிற்றை அமுக்கிப் பார்த்து, வாழைப்பழமும் பொறுமையும் எழுதிக்கொடுத்தார். இரண்டுக்கும் பலன் இல்லை. சதுக்கத்தை அடைக்கிற கல் ஒரு வயிற்றுக்குள் வளர்ந்தால் என்ன ஆகும் என்று யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. பக்கத்து வீட்டுக்காரர்கள் மட்டும் கண்ணாடிச் சாமான்களை அலமாரியிலிருந்து இறக்கிவைத்தார்கள். கணவர் கோபக்காரர்தான், குறட்டைக்காரர்தான். ஆனாலும் அவர் இல்லாத வீட்டை அம்மாவால் நினைத்தே பார்க்க முடியவில்லை. தையல் மெஷினின் உறையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதார்.

மூன்றாம் பிறையன்று தையல்காரரின் சட்டைப் பொத்தான்கள் தெறித்தன. வளர்ந்தது வயிறு அல்ல, ஆள். காது, மூக்கு, கால் விரல் எல்லாம் அளவு பிசகாமல் பெரிதாகிக்கொண்டே போயின. தலை நிலைப்படியில் இடித்தபோது ஊர்க்காரர்கள் அவரை அழைத்துப்போய்க் கல் இருந்த இடத்திலேயே உட்காரவைத்தார்கள். தனக்குத் தானே சட்டை தைக்கப் பார்த்தார். ஒரு கை தைத்து முடிப்பதற்குள் மறு கைக்குத் துணி பத்தவில்லை. ஊர் தன் திரைச்சீலைகளையும் படுக்கை விரிப்புகளையும் கழற்றிக் கொடுத்தது. பௌர்ணமியன்று முழங்காலைக் கட்டிக்கொண்டு, வெள்ளை வெளேரென்று, பால்போல ஒளிவிட்டபடி சதுக்கம் நிறைய உட்கார்ந்திருந்தார். பார்த்தவர்களின் கைகள் தாமாகக் குவிந்தன. வரம் கேட்டவர்களிடம் பழக்க தோஷத்தில், "முழுக்கை வைக்கணுமா, அரைக்கையா?" என்று கேட்டார். ஊர்த்தலைவர் பயபக்தியோடு குனிந்தபோது, "தலைவரே, உங்க பேன்ட் பின்னாடி பிரிஞ்சிருக்கு. மேல இருந்து நல்லாவே தெரியுது" என்றார். ஜன்னல்கள் அதிர்ந்தன. ஊரே சிரித்துக் கிறுகிறுத்துப் போனது. தலைவரும் சிரித்தார், சுவரில் சாய்ந்துகொண்டு. பேக்கரிக்காரர் தன் மாடியைத் திறந்துவிட, அம்மா அங்கிருந்து புது விளக்குமாறால் கணவரின் புருவத்தைச் சீவிவிட்டார்.

அப்போதுதான் டாக்டரம்மா, "வளர்ந்தவர் தேயணுமே" என்றார். அதை யாரும் யோசித்திருக்கவில்லை. அமாவாசைக்குள் தையல்காரர் மாத்திரை அளவுக்கு வந்துவிடுவார். ஒரு தும்மல் போதும், ஆள் காணாமல் போக. அன்றைக்கு அவரை இரும்புப் பெட்டியில் வைத்துப் பூட்டப்போவதாக ஊர்சபை முடிவெடுத்தது. ஒருமுறை சாமியை அஜாக்கிரதையாக வைத்த அம்மாவை நம்பி எப்படி விடுவது என்று தலைவர் கேட்டார். அம்மா எழுந்து நின்றார். "சாமியைக் காப்பாத்தாதது என் தப்புதான், ஒத்துக்கறேன். ஆனா இவரு என் வீட்டுக்காரரு. குடுக்க மாட்டேன்." ஊர்சபை இரும்புப் பெட்டியைத் திருப்பி அனுப்பிவிட்டது. அமாவாசையன்று அம்மா மின்விசிறியை நிறுத்தி, ஜன்னல்களைச் சாத்தி, கட்டில் கால்களுக்கு எறும்பு ஏறாமல் தண்ணீர் வைத்து, மிளகுத்தூள் டப்பாவைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டு, கறுப்புத் துணி விரித்த உள்ளங்கையில் கணவரை வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். சாப்பிடவில்லை, அசையவில்லை. அவருடைய குரல் கேட்காததைத்தான் தாங்க முடியவில்லை. மறுநாள் அவரைக்கொட்டை அளவுக்கு வந்த கணவர், "உனக்கு உள்ளங்கை இப்படியா வேர்க்கும்? முழுக்க நனைஞ்சிட்டேன்" என்று கத்தினார். திட்டு வாங்கி அவ்வளவு சந்தோஷப்பட்ட மனைவியை அந்த ஊர் அதற்குமுன் கண்டதில்லை.

வருடங்கள் ஓடிவிட்டன. சதுக்கத்துக் கடைகள் இப்போதும் பௌர்ணமியன்று பின்வாசலில்தான் நடக்கின்றன. வளர்பிறையில் ஒரு நாள், தேய்பிறையில் ஒரு நாள், தையல்காரர் சாதாரண மனிதரின் உயரத்தில் இருப்பார். அந்த இரண்டு நாளும் யாரும் அவர்கள் தெருவுக்குள் போவதில்லை. கும்பிடவும் போவதில்லை, சட்டைக்கு அளவு கொடுக்கவும் போவதில்லை. யாரும் போட்ட உத்தரவு இல்லை, தானாக வந்த வழக்கம். புதிதாகக் குடிவந்தவர்கள் விவரம் புரியாமல் விசாரித்தால், "சாமிக்கு இன்னிக்கு லீவு" என்று சொல்லித் திருப்பி அனுப்பிவிடுவார்கள். வீட்டுக்குள் இருவரும் மேஜையில் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிடுவார்கள், உப்புப் போதவில்லை என்று தெருமுனைவரை கேட்கச் சண்டை போடுவார்கள், பிறகு ஒரே கட்டிலில் படுத்துத் தூங்கிவிடுவார்கள்.