சிரிப்புக்கு விட்ட இடம்

ஏழாவது முறையும் வீணானது. "நிறுத்து!" என்று கத்திய டைரக்டர் டான் எவரிஸ்தோ, பல் பிடுங்கும் குறடோடு நின்றிருந்த நிகானோரின் எதிரே வந்து நின்றார்.

"யாருக்காகய்யா நிக்கிற? பஸ் வருதா?"

"சிரிப்புக்குங்க," என்றார் நிகானோர்.

"இங்க எவன் சிரிப்பான்? சிரிச்சா வேலை போயிடும்னு எல்லாருக்கும் தெரியும்."

அது உண்மைதான். அந்த விதியைக் காப்பதே என் பிழைப்பு. மெக்ஸிகோ நகரத்தின் அந்த ஸ்டுடியோவில் எட்டு வருடமாக நான் ஒலிப்பதிவாளன். ஒரு தும்மல், ஒரு செருப்பு உரசல் கேட்டாலும் கையை உயர்த்திப் படப்பிடிப்பை நிறுத்திவிடுவேன். என் பெயர் ஹெர்மிலோ என்றாலும், முதுகுக்குப் பின்னால் 'கல்லறைக் காவலன்' என்றுதான் சொல்வார்கள்.

நிகானோர் புவெப்லா என்ற ஊரில் ஒரு ரொட்டிக்காரரின் மகன். பதினேழு வயதில் கூடார நாடகக்காரர்கள் பின்னால் ஓடிப்போனவர். பதினாலு வருடம் பேட்டை பேட்டையாகப் பலகை மேடையில் நின்று ஜனங்களைச் சிரிக்க வைத்தவர். குள்ளம், உருண்டை உடம்பு, தலை உச்சியில் அடங்காத ஒரு குடுமிக் கற்றை. 'கொண்டைக்கடலை' என்று கூப்பிட்டார்கள். கூடாரத்தில் தன் இடத்தை இன்னொருவனுக்கு விட்டுக் கொடுத்துவிட்டு வந்திருந்தார். இதுதான் முதல் படம், அதிலும் கதாநாயக வேடம்.

காட்சி இதுதான்: சவரக்கடை உதவியாள் ஒருவனைப் பல் வைத்தியன் என்று நினைத்து ஒரு ஜெனரல் வந்து உட்காருகிறார். "பயப்படாதீங்க ஜெனரல், கொஞ்சம்கூட வலிக்காது… எனக்கு," என்று உதவியாளாக வரும் நிகானோர் சொல்ல வேண்டும். உடனே அடுத்தது: "எந்தப் பல்லுன்னு சொல்லாதீங்க. நானே கண்டுபிடிக்கிறேன், எத்தனை ஆனாலும் சரி." அந்த இரண்டுக்கும் நடுவில் நிகானோர் நின்றுவிடுவார். அந்த நிற்பு காமிராவில் வசனம் மறந்தவனின் முழிப்பு போலவே தெரிந்தது.

மத்தியான இடைவேளையில் சோளரொட்டியில் மொச்சையைச் சுருட்டிக்கொண்டு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். வெகு நேரம் தின்னவில்லை.

"கூடாரத்துல சிரிப்பு வரலன்னா ஆரஞ்சுத் தோல் பறந்து வரும் வாத்தியாரே. ஏதோ ஒண்ணு வந்துடும். இங்க ஒண்ணுமே வர மாட்டேங்குதே."

அன்று சாயங்காலம் டான் எவரிஸ்தோ கெடு வைத்தார். வெள்ளிக்கிழமைக்குள் சரியாக வராவிட்டால் ரேடியோவில் பாடும் ஒருவனுக்கு அந்த வேடம். அவர் கெட்ட மனிதர் இல்லை. பத்துப் படங்களில் நாட்டையே அழ வைத்தவர். அழுகைக்கு யாரும் இடம் விட வேண்டியதில்லை, அது வசனத்தின் கூடவே ஓசையில்லாமல் ஓடி வரும்.

மறுநாள் எங்களுக்குக் காட்சி இல்லை. நிகானோர் என்னை நாலு மணி சினிமா ஆட்டத்துக்கு இழுத்துக்கொண்டு போனார். என் கையிலிருந்த நிறுத்துக் கடிகாரத்தையும் கொண்டு வரச் சொன்னார். கூடாரத்தில் அவரோடு ஜோடியாக நடித்த மனைவி அம்பாரோவும் வந்திருந்தாள். பக்கத்துப் பேட்டைக் கொட்டகை, நிரம்பி வழிகிற கூட்டம், ஏதோ ஒரு சிரிப்புப் படம். படம் ஆரம்பித்ததும் அவர் முன்னால் போய், சுவரோரமாகத் திரைக்கு முதுகு காட்டி நின்றுகொண்டார்.

"ஏய் குள்ளா, படம் உன் பின்னாடி ஓடுது!" என்று மாடியிலிருந்து ஒருவன் கத்தினான்.

"தெரியும்ணே. நான் உங்களைப் பாக்கத்தான் டிக்கெட் வாங்கினேன்."

மாடியே சிரித்தது. என் கை தானாகக் கடிகாரத்தை அழுத்தியது. நாலு நொடி.

மூன்று நாள் அப்படியே போனோம். மெல்லிய சிரிப்புக்கு ஒரு நொடி, நல்ல சிரிப்புக்கு நாலு. அந்த நாலு நொடியும் திரையில் இருந்தவன் வாயைத் திறந்து திறந்து மூடினான். ஒரு சொல்கூட யார் காதிலும் விழவில்லை.

வெளியே வந்ததும் நான் கேட்டேன். "இவ்வளவு பாடு எதுக்கு? கூடாரத்துக்கே திரும்பிப் போயிடலாமே."

"அங்க என்னைத் தெரிஞ்சவன் சிரிப்பான். என் பேரே தெரியாத ஊருல ஒருத்தன் சிரிக்கணும் வாத்தியாரே. நான் வீட்டுல தூங்கிட்டு இருக்கும்போதும் சிரிக்கணும். அது இல்லாம நான் போக மாட்டேன்."

அம்பாரோ அதுவரை பேசவில்லை. தெருவோரத்தில் வாங்கிய வெள்ளரித் துண்டில் மிளகாய்த்தூளைத் தடவிக்கொண்டே சொன்னாள். "நீ நிக்கிறது தப்பில்ல. காத்துக்கிட்டு நிக்கிறது தெரியுது பாரு, அதான் தப்பு. கையில ஒரு வேலை வெச்சுக்கோ. பாக்குறதுக்கு இருக்கணும், கேக்குறதுக்கு இருக்கக் கூடாது."

நிகானோர் நடுத்தெருவில் நின்று அவள் நெற்றியில் முத்தமிட்டார். அவள் மிளகாய்க் கையால் அவரைத் தள்ளிவிட்டாள்.

வெள்ளிக்கிழமை காலை. "வலிக்காது… எனக்கு," என்றார் நிகானோர். சொல்லிவிட்டுக் குறடைப் பார்த்தார். பிறகு ஜெனரலின் தலைக்கு மேலிருந்த கண்ணாடியைப் பார்த்தார். தன் வாயைத் திறந்து, தன் பல் ஒன்றைக் குறடால் பிடித்து, மெதுவாக, மிக மெதுவாக ஆட்டிப் பார்த்தார். முகம் வெளுத்தது. குறடை வெளியே எடுத்து மார்பில் சிலுவை போட்டுக்கொண்டார். சரியாக நாலு நொடி. அடுத்த வசனத்துக்கு அவர் வாய் திறந்தபோது ஹெட்போனில் ஒரு சத்தம் வெடித்தது. கையை உயர்த்தினேன். உயர்த்திய பிறகுதான் அது என் சிரிப்பு என்று புரிந்தது.

"வெளிய போ," என்றார் டான் எவரிஸ்தோ என்னிடம்.

"அவர் இருக்கட்டுங்க. இதே மாதிரி இன்னொரு தடவை செய்றேன். அவர் இல்லன்னா நான் செய்யல." நிகானோரின் குரலில் கெஞ்சல் இல்லை.

டான் எவரிஸ்தோ அவரிடமிருந்து என் பக்கம் திரும்பினார். பிறகு தன் கைக்குட்டையை எடுத்து என்னிடம் எறிந்தார். அதை வாயில் திணித்துக்கொண்டு பதிவு செய்தேன். முடிந்ததும் அவர் பாராட்டவில்லை, திட்டவும் இல்லை. "அடுத்த காட்சி," என்றார்.

வேடம் தப்பித்தது. ஆனால் இரண்டு மாதம் கழித்து, படத்தொகுப்பு அறையிலிருந்து செய்தி வந்தது. அந்த நாலு நொடியை ஒரு நொடியாக வெட்டிவிட்டார் டைரக்டர். கதை தொங்குகிறதாம்.

நிகானோர் கோபப்படவில்லை. மறுநாள் காலை ஸ்டுடியோ வாசலில் நின்று டான் எவரிஸ்தோவிடம் சொன்னார். "வெட்டுறது உங்க உரிமை. ஒரே ஒரு தடவை ஜனங்களோட உக்காந்து பாருங்க." டைரக்டர் காரில் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டார். அடுத்த நாளும் நிகானோர் அதே இடத்தில் நின்றார், அதற்கடுத்த நாளும். மழையில் ஒரு நாள், காய்ச்சலோடு ஒரு நாள். ஒரே வாக்கியம், ஒரு சொல் கூடவில்லை, குறையவில்லை. ஒன்பதாம் நாள் டான் எவரிஸ்தோ கார்க் கதவைப் பிடித்தபடி நின்றார்.

"உனக்கு வேற வேலையே இல்லையா?"

"இதாங்க வேலை."

ஞாயிற்றுக்கிழமை பகல் காட்சிக்கு, படத்தின் பெயரைக்கூடச் சொல்லாமல், வெட்டிய படத்தையே ஒரு பேட்டைக் கொட்டகையில் போட்டுப் பார்க்க ஏற்பாடானது. டான் எவரிஸ்தோ டைரக்டராகிப் பன்னிரண்டு வருடத்தில் முதல் தடவையாக ஜனங்களோடு மர பெஞ்சில் உட்கார்ந்தார். தொப்பியைக் கழற்றிப் பக்கத்தில் வைத்துக்கொண்டார். அவருக்கு அடுத்து நிகானோர், அம்பாரோ, நான்.

"வலிக்காது… எனக்கு."

கொட்டகை அதிர்ந்தது. திரையில் நிகானோரின் உதடுகள் அசைந்தன. 'எத்தனை ஆனாலும் சரி' என்ற அந்த வசனம் சத்தத்துக்கு அடியில் எங்கேயோ போய்விட்டது.

முன் வரிசையில் குழந்தையை மடியில் வைத்திருந்த ஒருத்தி புருஷனின் தோளை உலுக்கினாள். "என்ன சொன்னான்? என்ன சொன்னான்?"

"நீ போட்ட கூச்சல்ல எங்கடி கேட்டுது?"

டான் எவரிஸ்தோ அவளையே பார்த்தார். பிறகு சட்டென்று எழுந்து, வரிசையில் இருந்தவர்களின் கால்களை மிதித்துக்கொண்டு, இருட்டில் பெஞ்சுகளுக்கு நடுவே இருந்த வழியில் ஏறிப் போனார். கதவு திறந்து ஒரு கீற்று வெயில் உள்ளே விழுந்தது. மூடிக்கொண்டது.

"கோவமா?" என்று கேட்டாள் அம்பாரோ. "வெட்டின மூணு நொடியைத் தேடிப் போறார்னு நினைக்கிறேன்," என்றேன்.

பெஞ்சிலிருந்து உருண்டு தரையில் கிடந்த தொப்பியை நிகானோர் குனிந்து எடுத்தார். அதில் ஒட்டியிருந்த பூசணி விதைத் தொலியைச் சட்டைக் கையால் துடைத்தார். அதை மடியில் நிமிர்த்தி வைத்து, இரண்டு கையாலும் விளிம்பைப் பிடித்துக்கொண்டு, அடுத்த சிரிப்பு வரப்போகும் இடத்துக்காகத் திரையைப் பார்த்து உட்கார்ந்திருந்தார்.