சால்வையின் மறுமுனை

மார்ச் பதினான்காம் நாள்; விடியற்காலை முதல் தூறல், காற்று சிறிதும் இல்லை.

மருத்துவமனைச் சலவைக்கூடத்தில் பெரிய விரிப்புகளை இருவராகவே மடிப்பார்கள். ஆளுக்கொரு முனையைப் பிடித்து விலகி நின்று உதறி, பின் நெருங்கி வந்து முனைகளைச் சேர்ப்பார்கள். மூத்த சலவைக்காரி ஸ்பானிஷ் படித்தது அந்தத் தாளத்தில்தான். நம்மிடம் ஒன்று இருப்பதைச் சொல்லும் ‘தெனேர்’ என்னும் வினை, கடந்த காலத்துக்குள் நுழைந்ததும் இரண்டு முகங்களாகப் பிரிந்துவிடும். ஆகவே, விலகும்போது நீடித்திருந்ததற்குத் ‘தெனீயா’ என்பாள். நெருங்கும்போது நடந்து முடிந்ததற்குத் ‘தூவே’ என்பாள்.

மறுமுனையைப் பிடித்திருந்த தோழி கேலியை விடுவதாயில்லை. “இன்னும் கொஞ்ச நாள்ல தலகாணி உறைகூட ஸ்பானிஷ் பேசும் பாருங்க, அக்கா.”

அக்கா சிரித்துக்கொண்டே அடுத்த விரிப்பை எடுத்தாள். கடல் கடந்து வாழும் மகளுக்கு அடுத்த மாதம் தலைப்பிரசவம். ஸ்பானிஷ் வாய்மொழித் தேர்வில் தேறினால்தான் அங்கே சென்று தங்க அனுமதி கிடைக்கும். சென்ற முறை நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. இன்று கடைசி வாய்ப்பு.

தேர்வறையில் ஒரு மேசை, இரு நாற்காலிகள், மழை வழியும் சன்னல். மறக்க முடியாத ஒரு நாளைப் பற்றிச் சொல்லும்படி தேர்வாளர் அம்மையார் கேட்டார். படித்தவை அனைத்தும் பறந்துபோயின. மடியில் கிடந்த கைகள் மட்டும் எதையோ தேடின. அவள் எழுந்தாள், நனைந்த சால்வையைக் கழற்றினாள், பழக்க தோஷத்தில் மறுமுனையைத் தேர்வாளரிடமே நீட்டிவிட்டாள்.

அம்மையார் திகைத்தார். பிறகு எழுந்து வாங்கிக்கொண்டார்.

அவள் விலகி நின்று உதறினாள். “தெனீயா மியேதோ.” எனக்குப் பயமாக இருந்தது.

நெருங்கி வந்து முனைகளைச் சேர்த்தாள். “தூவே உனா இஹா.” எனக்கொரு மகள் பிறந்தாள்.

அவள் மெய்சிலிர்த்தாள். அன்றைய வலி, ஈரத் தலையோடு மார்பில் கிடந்த அந்தச் சிற்றுயிர், எல்லாம் மகள் பிறந்த நாளில் அவள் அறிந்தேயிராத ஒரு மொழிக்குள் உயிரோடு வந்து நின்றன. முன்பின் தெரியாத ஒருத்தியின் கண்கள் அவற்றைக் கண்டு கலங்கின. அம்மையார் மெல்லிய குரலில் அப்புறம் என்ன நடந்தது என்று கேட்டார். சால்வை உள்ளங்கை அளவுக்குச் சுருங்கும்வரை அவள் சொல்லிக்கொண்டே போனாள்.

தேர்ச்சி என்று எழுதிய அம்மையார், மடித்த சால்வையை இரு கைகளாலும் ஏந்தித் திருப்பிக் கொடுத்தார்.

அவள் வாசலுக்கு வந்து கைபேசியில் மகளை அழைத்தாள். அவளுக்கு வாய்த்தது தமிழில் இரண்டே சொற்கள்.

“வரேன்டி, கண்ணு.”

அப்போது மணி பதினொன்று இருபத்தேழு.