முன்பெஞ்சு முகேனி

“நான் மாட்டேன்னு சொல்லலைடி! இப்ப வேண்டாம்னுதான் சொல்றேன்!”

“போன தடவையும் ‘இப்ப வேண்டாம்’தான். அதுக்கு முந்தின தடவை மரவள்ளி பிடுங்கற நேரம்னு சொல்லி அனுப்பினே. நமக்கு ஏதும்மா மரவள்ளித் தோட்டம்?”

அம்மாவும் மகளும் என் சப்பாத்திக் கல்லுக்கு ஆளுக்கொரு பக்கம் நின்றுகொண்டு கத்தினார்கள். நடுவில் நான். கல்லில் கிடந்த சப்பாத்தி ஒரு பக்கம் கருகிப் புகைந்தது. கருகட்டும் என்று விட்டுவிட்டேன். கல்யாணச் சண்டை கைக்கெட்டும் தூரத்தில் நடக்கும்போது சப்பாத்தியைத் திருப்பிக்கொண்டிருக்க எனக்குப் பைத்தியமா?

என் அடுப்பு பூசியாவின் கென்யப் பக்கத்தில், எகெசாவின் பந்துக் கொட்டகை வாசலில் இருந்தது; காசு வாங்கிக்கொண்டு திரையில் பந்தாட்டம் காட்டுகிற கொட்டகை. எல்லைக் கேட்டைத் தாண்டினால் அதே பெயரில் இன்னொரு பூசியா, அது உகாண்டா. அந்தப் பக்கச் சந்தையில் ஏரிக் கருவாடு விற்பவள் முகேனி. இந்தச் சண்டைக்கு எட்டு வருஷத்துக்கு முன்பு ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஆட்டம் பார்க்கிறேன் என்று இங்கேயே கிடந்த புருஷனை இழுத்துப்போக வந்தாள். கையில் அகப்பை இருந்தது, நானே பார்த்தேன். உள்ளே போன நேரம் பார்த்து உகாண்டா ஒரு கோல் போட்டது. அகப்பையோடு அப்படியே முன்பெஞ்சில் உட்கார்ந்தவள்தான். புருஷன் பிறகு ஜிஞ்சாவுக்கு ஒரு தையல்காரியோடு போய்விட்டான். அதற்காக ஒரு வாரம் அழுதேன் என்று முகேனி சொல்வாள். எனக்குத் தெரிந்து இரண்டு நாள். மூன்றாம் நாள் எத்தியோப்பியாவோடு ஆட்டம் இருந்தது.

அன்றிலிருந்து முன்பெஞ்சின் இடது ஓரம் அவளுடையது. வலது ஓரம் கொட்டகைக்காரன் எகெசாவுடையது. இரண்டு பேருக்கும் நடுவே நான்கு பேர் உட்காரலாம், ஆனால் யாரும் உட்கார மாட்டார்கள். வசவு பறக்கும் வழியில் யார் தலையை நீட்டுவது? உகாண்டா அணிக்குக் கொக்குகள் என்று பேர், கென்யாவுக்கு நட்சத்திரங்கள். “ஒத்தக்கால்ல நிக்கத்தான்க்கா உங்க கொக்கு லாயக்கு, ஓடச் சொன்னா ஓடுமா?” என்பான் எகெசா. “உங்க நட்சத்திரத்தை ஒரு மேகம் வந்தா மறைச்சுடும்டா, பாவம்” என்பாள் முகேனி. ஆட்டம் முடிந்ததும் தோற்ற பக்கம் எழுந்து வந்து, கொட்டகையே பார்க்க, ஜெயித்த பக்கத்துக்குக் கை கொடுக்க வேண்டும். அது அவர்கள் இருவரும் தாங்களாக வைத்துக்கொண்ட சட்டம். கையைப் பிடித்துக்கொண்டு ஜெயித்தவர் எதை வேண்டுமானாலும் சொல்லலாம். தோற்றவர் வாய் திறக்கக் கூடாது. ஒரு முறை முகேனி அவன் கையை விடாமல் கால் மணி நேரம் பேசினாள். அவன் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றான், கண்ணில் மட்டும் சிரிப்பு.

இதில் மகள் எங்கே வந்தாள் என்றால், அம்மாவை இழுத்துப்போகத்தான் வந்தாள். வேடிக்கைதான். அஜம்போ இந்தப் பக்கத்து அழகு நிலையம் ஒன்றில் தலை பின்னுகிறவள். பந்து உருண்டையா சதுரமா என்றுகூடக் கவலைப்படாதவள். அம்மாவைக் கூப்பிட ஒவ்வொரு ஆட்டத்துக்கும் வாசலில் வந்து நிற்பாள். கொஞ்ச நாளில் ஆட்டம் தொடங்கும் முன்பே வந்து நின்றாள். பிறகு ஆட்டமே இல்லாத நாட்களிலும் வந்தாள். நான் முதலில் கண்டுபிடித்தேன், ஊருக்கு இரண்டாவதாகத் தெரிந்தது.

எகெசா நல்லவன். குடிக்க மாட்டான், கொட்டகைக்கு மேல்கூரை அவனே போட்டான். அவன் பெரியப்பாக்கள் இரண்டு தடவை கேட்டைத் தாண்டிப் போய்ப் பெண் கேட்டாயிற்று. இரண்டு தடவையும் முகேனி கோழிக்குழம்பு வைத்துப் போட்டு ஏதோ சாக்குச் சொல்லி அனுப்பிவிட்டாள். அவளுக்கு மாப்பிள்ளை பிடிக்கவில்லை என்று ஊர் பேசியது. எனக்கு மட்டும்தான் விஷயம் தெரியும். எங்கள் ஜனங்களில் மாமியாரும் மருமகனும் ஒரே கூரையின் கீழ் உட்காரக் கூடாது. கை குலுக்கக் கூடாது. எதிரே வந்தால் ஒருவர் புதருக்குள் ஒதுங்க வேண்டும். நேருக்கு நேர் பேச்சும் கிடையாது, இடையில் ஒரு ஆள் வேண்டும். சம்மதம் சொல்லும்வரை அவள் வெறும் முகேனி அக்கா. சொன்ன மறு நிமிஷம் முன்பெஞ்சு போயிற்று.

அதைத்தான் அன்று அஜம்போவும் கண்டுபிடித்துவிட்டாள்.

“நேரா சொல்லும்மா. உனக்குப் பிடிக்காதது ஆளா? இல்லை, விட முடியாதது பெஞ்சா?”

முகேனி என்னைப் பார்த்தாள். நான் சட்டென்று மாவு பிசைந்தேன்.

“உனக்கு என்னடி தெரியும்? வாரம் பூரா கருவாட்டு நாத்தத்துல கிடக்கறேன். இங்க வந்தாத்தான் நானும் ஒரு மனுஷின்னு…” என்று தொடங்கியவள், “அவன் ஒருத்தன்தான்டி எனக்குச் சரியாப் பதில் சொல்றவன்” என்று முடித்தாள்.

அதற்குள் சத்தம் கேட்டு எகெசா வெளியே வந்துவிட்டான். நாலு மணிக்கு ஆட்டம். சாதாரண ஆட்டமில்லை, வட்டாரக் கோப்பைக்கு இறுதி ஆட்டம், கம்பாலாவில். கேட்டைத் தாண்டி உகாண்டா ஆட்கள் மஞ்சள் சட்டையில் வரிசையாக வந்துகொண்டிருந்தார்கள்; அவர்கள் பக்கக் கொட்டகையில் திரை சின்னது.

“அக்கா,” என்றான் எகெசா, “ஆட்டம் முடிவு பண்ணட்டும். கென்யா ஜெயிச்சா ஞாயித்துக்கிழமை பெரியப்பாங்க வருவாங்க, நீ சரின்னு சொல்லணும்.”

முகேனியின் கண் மின்னியது. “உகாண்டா ஜெயிச்சா?”

“இன்னும் ஒரு வருஷம் நான் வாயே திறக்க மாட்டேன்.”

“நான் என்ன கோப்பையா?” என்று அஜம்போ கத்தினாள். “என்னை வச்சா விளையாடறீங்க ரெண்டு பேரும்?” இரண்டு பேரும் அதற்குள் உள்ளே போய்விட்டார்கள். அவள் என் ஸ்டூலை உதைத்தாள். பிறகு, அவளுடைய வாழ்க்கையிலேயே முதல் தடவையாக, கொட்டகைக்குள் போய் உட்கார்ந்தாள். எங்கே? முன்பெஞ்சில், நட்ட நடுவில்.

நான் அடுப்பை அணைத்துவிட்டேன். வாசல் நிலையில் சாய்ந்து நின்றேன்.

பன்னிரண்டாவது நிமிஷம் கென்யாவின் ஏழாம் நம்பர் வலப்பக்கமாகப் பறந்தான். இரண்டு பேரை ஏமாற்றிப் பந்தை நடுவே அனுப்பினான். அது எவன் காலிலோ பட்டு வலைக்குள் போனது. கொட்டகைத் தகரம் எல்லாம் அதிர்ந்தது. அதில் ஒரு குரல் தனியாகக் கேட்டது. அஜம்போ பெஞ்சு மேல் ஏறி நின்று கத்திக்கொண்டிருந்தாள். உகாண்டாப் பெண், உகாண்டாவுக்கு எதிராக! மஞ்சள் சட்டைக்காரர்கள் வாயடைத்துப் போனார்கள். “அடிப்பாவி, உன் அடையாள அட்டையைக் கொடு, கிழிச்சுப் போடறேன்” என்றார் பின்னாலிருந்த ஒருவர்.

“கிழிங்க! ஞாயித்துக்கிழமை புதுசு எடுத்துக்கறேன்!”

முகேனி திரும்பி மகளைப் பார்த்தாள். கோபம் என்றுதான் நினைத்தேன். ஆனால் அந்தப் பார்வையில் கொஞ்சம் பெருமையும் இருந்தது. தன் குரல் இன்னொரு வாயிலிருந்து வந்தால் எப்படி இருக்கும் என்று அன்றுதான் அவள் கேட்டாள் போலிருக்கிறது.

இடைவேளைக்குப் பிறகு உகாண்டா முட்டி மோதியது. கம்பத்தில் ஒன்று. கோல்கீப்பரின் விரல் நுனியில் ஒன்று. அறுபது நிமிஷம், எழுபது, எண்பது. எகெசா வலது ஓரத்தில் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். ஒரு வசவுகூட வரவில்லை அவனிடமிருந்து. இடது ஓரத்திலும் சத்தமில்லை. எட்டு வருஷத்தில் அந்த பெஞ்சு இப்படி ஊமையாக இருந்ததை நான் பார்த்ததே இல்லை. அஜம்போ மட்டும் “அடிக்காதே, பின்னாடி போ, பின்னாடி போ!” என்று கென்யாவுக்குப் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தாள். ஆஃப்சைடு என்றால் என்னவென்று கேட்கக்கூட அவளுக்கு நேரமில்லை.

எண்பத்தெட்டாவது நிமிஷம் ஒரு கார்னர். பந்து வந்தது, ஒரு தலைக்கூட்டம் எழும்பியது, நடுவில் ஒரு மஞ்சள் தலை எல்லாவற்றுக்கும் மேலே போனது. கோல்!

தகரச் சுவரில் ஆணி தெறித்தது, பொய்யில்லை. முகேனி பெஞ்சிலிருந்து குதித்து நாக்கைச் சுழற்றிக் குலவையிட்டாள். முன்பின் தெரியாத இரண்டு லாரி டிரைவர்களைக் கட்டிப்பிடித்தாள். அஜம்போ முகத்தைப் பொத்திக்கொண்டாள்.

ஆளுக்கொரு கோலோடு ஆட்டம் முடிந்தது. இனி பெனால்டி, ஆளுக்கு ஐந்து. நான்கு முடிந்தபோது இரண்டு பக்கமும் நான்கு. நானே வாசலை விட்டு உள்ளே நகர்ந்துவிட்டேன்; எனக்கு எந்த நாடு ஜெயித்தாலும் சப்பாத்தி விற்கும் என்றாலும். ஐந்தாவதை உகாண்டா அடித்தது, உள்ளே. கென்யாவின் ஐந்தாவது ஆள் நடந்து வந்தான். பந்தை வைத்தான். எடுத்து மறுபடி வைத்தான்.

“வைக்காதேடா, அடிடா!” என்று அஜம்போ கதறினாள்.

அடித்தான். உகாண்டா கோல்கீப்பர் சரியான பக்கம் விழுந்திருந்தான்.

அதற்கப்புறம் என்ன நடந்தது என்று ஒழுங்காகச் சொல்ல முடியாது. பாதிக் கொட்டகை மீதிக் கொட்டகையின் மேல் விழுந்தது. முகேனி பெஞ்சின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம்வரை ஆடினாள். “எங்கடா உங்க நட்சத்திரம்? பகல்ல தேடினா கிடைக்குமா? விளக்கு கொண்டு வரட்டுமா?” என்று எகெசாவின் தலைக்கு மேலேயே நின்று பாடினாள். செருப்பு ஒன்று எங்கோ போய்விட்டது. அவளுக்கு அன்று இருபது வயது.

எகெசா எழுந்தான். முகம் செத்திருந்தது. அஜம்போவைப் பார்க்கவில்லை. சட்டம் சட்டம்தானே; நடந்து வந்து, கையை நீட்டினான்.

“நீ ஜெயிச்சுட்டேக்கா.”

இனி வரப்போகும் வசவைக் கேட்க எல்லோரும் கழுத்தை நீட்டினார்கள். முகேனி பெஞ்சிலிருந்து இறங்கினாள். மூச்சு வாங்கியது. அந்தக் கையைப் பார்த்தாள். தன் வலது கையைக் கொஞ்சம் தூக்கினாள், துணியில் துடைத்துக்கொண்டாள். கொடுக்கப்போகிறாள் என்றுதான் நினைத்தேன்.

அந்தக் கை மேலே போனது. தோளில் கிடந்த துணியை இழுத்துத் தலையை மூடி, முகத்தையும் மூடினாள். சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

“நப்வீரே,” என்று துணிக்குள்ளிருந்து என்னைக் கூப்பிட்டாள். “அங்க நிக்கிறவர்கிட்ட சொல்லு. ஞாயித்துக்கிழமை அவங்க ஆளுங்க வரலாம்.”

எட்டு வருஷமாக ‘டா’ போட்டவனை அவள் ‘அவர்’ என்றாள். எகெசாவின் கை அந்தரத்திலேயே நின்றது. எல்லோருக்கும் புரிந்த பிறகும் அவனுக்குப் புரியவில்லை; நான்தான் போய் அந்தக் கையைக் கீழே இறக்கிவிட வேண்டியிருந்தது. அதற்குள் முகேனி ஒற்றைச் செருப்போடு பக்கவாசல் வழியாக வெளியே போய்விட்டாள். பின்னாலேயே அஜம்போ ஓடினாள். என் அடுப்புக்கு அருகில் அம்மாவும் மகளும் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள், திட்டிக்கொண்டேதான்.

“ஜெயிச்சும் ஏன்க்கா?” என்று மறுநாள் கேட்டேன். கேட்காமல் இருப்பேனா?

“தோத்திருந்தா தலையைக் குனிஞ்சுக்கிட்டுல்லடி பெஞ்சை விட்டு எழுந்து போயிருக்கணும்?” என்றாள். கருவாட்டின் மேல் உட்கார்ந்த ஈயை ஓட்டினாள். மேற்கொண்டு ஒரு வார்த்தை பிடுங்க முடியவில்லை, நானும் முயற்சி செய்தேன்.

கல்யாணம் மழைக்கு முன்பே நடந்தது. அதன் பிறகு ஒன்றரை வருஷம் முகேனி ஆட்ட நாட்களில் கொட்டகைத் தகரத்துக்கு வெளியே, என் அடுப்புப் பக்கம், சுவரில் காதை வைத்து உட்கார்ந்திருந்தாள். “அந்தம்மாவோட கொக்குக்கு றெக்கை உதிர்ந்துடுச்சான்னு கேளுங்க” என்று உள்ளிருந்து வரும். “அவருக்குக் கண்ணு உதிர்ந்துடுச்சான்னு கேளு” என்று வெளியிலிருந்து போகும். இடையில் நான் அலைந்தேன். அந்த ஒன்றரை வருஷத்தில் எத்தனை சப்பாத்தி கருகியது என்று கடவுளுக்குத்தான் தெரியும்.

பிறகு எகெசாவுக்கு நகுருவில் வேலை கிடைத்து, அஜம்போவும் கைக்குழந்தையும் அவனோடு போனார்கள். அஜம்போ இப்போது அங்கே சொந்தமாகக் கடை வைத்திருக்கிறாளாம். தலை பின்ன வருகிறவர்கள் அவள் ஆட்டத்தைப் பார்த்து முடிக்கும்வரை பாதித் தலையோடு காத்திருக்கிறார்களாம். கொட்டகையை வாங்கியவன் அதில் மெத்தை விற்கிறான். ஜிஞ்சா தையல்காரி முகேனியின் புருஷனைத் திருப்பி அனுப்பினாள். முகேனி அவனை வாசலோடு அனுப்பினாள். ஒரு டிவி வாங்கிக்கொண்டு, கேட்டுக்கு அந்தப் பக்கம் தனியாக ஆட்டம் பார்க்கிறாள்.

எல்லையில் பிழைக்கிற எல்லோரையும்போல எனக்கும் இரண்டு ஃபோன், ஒன்று கென்ய நம்பர், ஒன்று உகாண்டா நம்பர். போன சனிக்கிழமை மறுபடி இரண்டு நாட்டுக்கும் ஆட்டம். தொடங்கிய ஐந்தாவது நிமிஷம் இரண்டும் சேர்ந்து அடித்தன. ஒரு காதில், “அந்தம்மாகிட்ட சொல்லுங்க…” மறு காதில், “அவர்கிட்ட சொல்லுடி…” வரிசையில் பதினைந்து பேர் சப்பாத்திக்கு நிற்கிறார்கள். நேரே பேசக் கூடாது என்றுதானே பெரியவர்கள் சொன்னார்கள், ஃபோனும் ஃபோனும் பேசக் கூடாது என்று யாரும் சொல்லவில்லையே. இரண்டிலும் சத்தத்தைக் கூட்டினேன். மாவுப் பலகையின் ஓரத்தில் ஒன்றின் முகத்தோடு இன்னொன்றின் முகத்தைச் சேர்த்து வைத்துவிட்டுக் கல்லின் பக்கம் திரும்பிக்கொண்டேன். ஒன்று மெதுவாக இருமியது. அப்புறம் ஒரு வசவு, அதற்குப் பதில் வசவு. இரண்டாவது மாவுருண்டையைத் தேய்த்துக்கொண்டிருந்தபோது இரண்டும் சேர்ந்து ஒரே நொடியில் அலறின, பலகை மேல் மாவு துள்ளியது. எங்கேயோ ஒரு கோல் விழுந்திருக்கிறது. யார் போட்டது என்று வரிசையில் நின்றவர்கள் என்னைக் கேட்டார்கள்.