லேடி அமீலியாவின் மூத்தாள்

வௌவால்மலைத் தோட்டத்துப் பதினோராம் நிரையில் நின்ற ரப்பர் மரங்கள், தலைப்பயணம் புறப்பட்ட கப்பல் எங்கேயாவது மூழ்கினால், அன்றைக்குப் பாலுக்குப் பதிலாகக் கடல் தண்ணீர் வடித்தன. பக்கத்து நிரைகளில் இப்படி நடந்ததில்லை. ஏற்கெனவே ஓடிப் பழகிய கப்பல் பாறையில் மோதிச் செத்தாலும் இந்த மரங்கள் கண்டுகொள்வதில்லை. மரத்தில் கட்டிய மங்குக் கிண்ணத்தில் வழக்கம்போல வெள்ளைப் பால்தான் சொட்டும். முதல் ஓட்டத்தில் போகிற கப்பலுக்கு மட்டும், தலைப்பிரசவத்துக்குப் பதறுகிற தாய்வீட்டைப் போல அவை பதறின. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்திரண்டில் பினாங்கிலிருந்து அக்கரையிலுள்ள டெலிக்குப் புறப்பட்ட புது நீராவிப் படகொன்று துறைமுகம் தாண்டியதும் கவிழ்ந்தபோதுதான் முதல் தடவையாக உப்புத் தண்ணீர் வந்தது. அதற்குப் பிறகு ஒரு ரங்கூன் அரிசிக் கப்பல். இருபத்தைந்தில், கம்பார் பக்கம் ஈயம் தோண்டப் புதிதாகக் கட்டிய கப்பல் மாலை போட்டு ஓடவிட்ட அன்றே தன் குட்டையில் அமிழ்ந்துபோக, மரங்களில் உப்பில்லாத சேற்றுத் தண்ணீர் வடிந்தது. அதை மாடுகளுக்குக் காட்டினார்கள்; குடித்தன. துரை வேரடி மண்ணில் ஒரு பிடி அள்ளிக் கோலாலம்பூருக்கு அனுப்பினார். மண்ணில் கோளாறில்லை என்று பதில் வந்தது. அதிலிருந்து, தண்ணீர் வடிகிற நாளில் அந்த நிரைக்காரிக்குப் புல்வெட்டு வேலை கொடுப்பது என்று ஆபீசில் முடிவாயிற்று.

அந்த நிரைக்காரி மங்களம். துறையூர்ப் பக்கத்திலிருந்து புருஷன் பிச்சைமுத்துவோடு வந்தவள். வந்த மறு வருஷமே பிச்சைமுத்து மலைக்காய்ச்சலில் போய்ச் சேர்ந்தான். மூன்று வயதுப் பெண்குழந்தை வீரம்மாவை அண்ணன் வீட்டில் விட்டுவிட்டுத்தான் இருவரும் கப்பலேறியிருந்தார்கள். ஒரே வருஷத்தில் திரும்பிவிடலாம் என்று நினைப்பு. ஒன்பது வருஷம் ஓடிவிட்டது. பிள்ளையிடமிருந்து அவள் கொண்டுவந்தது, புறப்படும்போது தூங்கிக்கொண்டிருந்தவளின் பிடரியிலிருந்து கத்தரித்த ஒரு சின்ன முடிக்கற்றைதான். அதை மஞ்சள் துணியில் முடிந்து கூலிகளுக்கான லயத்து வீட்டின் கூரைச் சந்தில் செருகியிருந்தாள். ஊரிலிருந்து வந்தவர்கள் வீரம்மா இவ்வளவு உயரம், அவ்வளவு உயரம் என்று கையால் காட்டுவார்கள். ஒருவர் காட்டிய உயரம் இன்னொருவர் காட்டியதோடு ஒத்துப்போனதே இல்லை.

இருபத்தேழாம் வருஷம் அண்ணன்காரன் இறந்துபோன சேதி வந்தது. தோட்டத்துக்கு ஆள் கட்ட ஊருக்குப் புறப்பட்டுக்கொண்டிருந்த ஐயாவு கங்காணியிடம் மங்களம் போய் நின்றாள். தான் வந்த கப்பல் துருப்பிடித்த பழைய தகரம். ஏழு நாளும் வாந்தி. இரண்டு பிணத்தைக் கண் முன்னால் கடலில் இறக்கினார்கள். அந்த நினைப்பில் பதினோராம் நிரை அவளுக்கு ஞாபகம் வரவில்லை.

"அண்ணே, நா வந்த மாதிரி ஓட்டக் கப்பல்ல எம்புள்ளய ஏத்திடாதீங்க. புதுக் கப்பலாப் பாத்துக் கூட்டியாங்க" என்றாள்.

"ஒம்மவளுக்கு நானே வெள்ளோட்டம் விடுறேன், போ" என்றார் கங்காணி.

சொன்ன சொல்லைக் காப்பாற்றுகிற மனுஷர் அவர். நாகப்பட்டினத்தில் இரண்டு கப்பலைப் போகவிட்டு, மூன்றாவதற்காகக் காத்திருந்தார். அவர் எழுதிய அஞ்சலட்டையைத் தோட்டத்துக் கணக்கெழுதும் பஞ்சலிங்கம் கிராணி ஆபீஸ் வாசலில் நின்று மங்களத்துக்கு வாசித்துக் காட்டினார். யாழ்ப்பாணத்துக்காரர், பினாங்குப் பத்திரிகையை வரி விடாமல் படிப்பவர், பதினோராம் நிரை வடித்த ஒவ்வொரு தண்ணீருக்கும் எந்தக் கப்பல் என்று கண்டுபிடித்துச் சொன்னவரும் அவர்தான். பிள்ளை சுகம், நல்ல வளர்த்தி, புட்டுப்புட்டு வைக்கிற வாய் என்று வாசித்துக்கொண்டு வந்தவர் கடைசி வரியில் நின்றார். கப்பல் பேர் லேடி அமீலியா, பெயின்ட் வாசனைகூடப் போகவில்லை, இதுதான் அதற்குத் தலைப்பயணம், மங்களம் கேட்டபடியே.

கிராணி சட்டையை மாட்டிக்கொண்டு சைக்கிளில் சுங்கை சிப்புட் தபாலாபீசுக்குப் போய், பிள்ளையை இறக்கு என்று நாகப்பட்டினத்துக்குத் தந்தி கொடுத்தார். காலையிலேயே கப்பல் போய்விட்டது என்று பதில் வந்தது. "கப்பலைக் கூப்பிட்டுத் திருப்ப ஏலாது பிள்ளை. அது வண்டில் மாடில்லை" என்றார்.

அடுத்த நாட்களை மங்களம் எப்படிக் கடந்தாள் என்று யாரும் அவளிடம் கேட்கவில்லை, பார்த்தாலே தெரிந்தது. விடியற்காலைப் பெரட்டில் பேர் கூப்பிட்டதும் எல்லோருக்கும் முன்னால் காட்டுக்குள் ஓடினாள். ஒவ்வொரு மரத்திலும் பட்டையைக் கீறிவிட்டு, கோட்டில் ஊறுவது வெள்ளையா தண்ணியா என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். வெள்ளையாக வந்தாலும் நம்பாமல் விரலால் தொட்டு நாக்கில் வைத்தாள். ரப்பர் பால் நாக்கில் ஒட்டிக்கொண்டு உரிந்தது. சாப்பாட்டில் ருசி போயிற்று. பால் எடுத்து முடிந்த மரத்தடியில் உட்கார்ந்து, வராத கப்பலுக்காகக் காதைப் பட்டையில் வைத்துக் கேட்டாள். பக்கத்து நிரைக்காரி செல்லாயி வேடிக்கை பண்ணிப் பார்த்தாள். "ஏண்டி, மரத்தக் கும்புடுறியா, வெட்டுறியா? ஒண்ணு பண்ணு. வேல மேக்கிற தண்டலு வாராரு."

நான்காம் நாள் நிரையின் கடைக்கோடியில் நின்ற மரம் உப்புத் தண்ணீர் வடித்தது. மற்றவை பால்தான் கொடுத்தன. முன்பெல்லாம் எல்லா மரமும் ஒரே மூச்சில் தண்ணீராகும். இப்படி ஒற்றை மரம் வடிந்ததில்லை. மங்களம் அதன் அடியிலேயே நின்றாள். சற்று நேரத்தில் அதற்கடுத்த மரத்தின் பால் நீர்த்து, வெளிறி, தெளிந்த தண்ணீராயிற்று. பிறகு அதற்கடுத்தது. என்ன நடக்கிறது என்று அவளுக்கு விளங்கிவிட்டது. கப்பல் இன்னும் மூழ்கவில்லை. எங்கேயோ ஓட்டை விழுந்து, அறை அறையாகத் தண்ணீர் ஏறிக்கொண்டிருக்கிறது. கடைசி மரத்திலிருந்து முதல் மரத்துக்கு அது வந்து சேரும் வரைதான் தவணை.

அவள் போட்ட கூச்சலில் வேலைக்காடு முழுக்க ஓடி வந்தது. ஆளாளுக்கு ஒன்று சொன்னார்கள். மரத்தை வெட்டிச் சாய்த்துவிடலாம் என்றான் ஒருவன். வெட்டினால் கப்பல் தப்புமா, பிளக்குமா என்று யாருக்கும் தெரியவில்லை. செல்லாயியின் புருஷன் சன்னாசி கீறலில் களிமண்ணை அப்பி அடைத்தான். தண்ணீர் மண்ணைக் கரைத்துக்கொண்டு வந்தது. அப்போது செல்லாயி தன் புருஷனை மேலும் கீழும் ஒரு பார்வை பார்த்துவிட்டுச் சொன்னாள்: "இந்தா நிக்கிறாரே, இவருக்கு நா ரெண்டாந் தாரம். தெரியுமில்ல?"

"இப்ப எதுக்குடி அது?" என்றான் சன்னாசி.

"எதுக்கா? மொதத் தாரம் தங்காதுன்னு இவரு ஜாதகத்துல தோஷம். கொல்லையில நின்ன வாழமரத்துக்குத் தாலியக் கட்டச் சொல்லி, அத வெட்டிச் சாச்சுப்புட்டுத்தான் என்னயக் கட்டி வச்சாங்க. எனக்கு மூத்தாள் வாழமரம். சாவு அவளோட போச்சு, நா கல்லுக்குண்டாட்டம் நிக்கிறேன். மொத ஓட்டந்தானே இந்தக் கப்பலுக்கு ஆகாது? மொத ஓட்டத்த இங்க ஓட்டி முக்கிப்புடுவோம்லா! அங்க ஓடுறது ரெண்டாவதாப் போயிரும்."

இதில் குறை சொல்ல யாருக்கும் ஒன்றும் அகப்படவில்லை. தோட்டத்து எல்லையில் சீனர்கள் ஈயம் எடுத்துவிட்டுப் போன குட்டை ஒன்று இருந்தது. பச்சைத் தண்ணீர், ஆழம் எவரும் பார்த்ததில்லை. லயத்துக் கொல்லைகளில் நின்ற வாழைகளை வெட்டி, மூங்கில் குச்சியால் கோத்து, ஆள் நீளத்துக்கு ஒரு கப்பல் கட்டினார்கள். புகைபோக்கிக்கு ஒரு பால் வாளி. மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, முகப்பில் தாலியாக மஞ்சள் கயிறும் கட்டினார்கள். இந்தக் கரை நாகப்பட்டினம், அந்தக் கரை பினாங்கு என்று சன்னாசி உரக்கச் சொன்னான். தள்ளப் போகும்போது செல்லாயி தடுத்தாள். வெறுங்கப்பல் மூழ்கினால் கணக்கில் சேராது, ஆள் ஏறினால்தான் பயணம். மங்களம் லயத்துக்கு ஓடி, கூரைச் சந்திலிருந்து மஞ்சள் முடிச்சை எடுத்து வந்தாள். ஒன்பது வருஷமாக அவிழ்க்காத முடிச்சு. கப்பலில் வைத்தவள் கையை எடுக்கவில்லை. செல்லாயிதான் அவள் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துவிட்டாள்.

கப்பல் மிதந்தது. அதுதான் தொல்லையாயிற்று. வாழைத்தண்டு எங்கே மூழ்கும்? கல்லை ஏற்றினார்கள், மிதந்தது. சன்னாசி இடுப்பளவு தண்ணீரில் இறங்கி மேலே ஏறி உட்கார்ந்தான். அவனையும் சுமந்துகொண்டு அழகாக மிதந்தது. கம்பால் அமுக்கினால் அந்தப் பக்கம் எழும்பிச் சிரித்தது. காட்டிலிருந்து ஒருத்தி ஓடி வந்து, நிரையில் பாதிக்கு மேல் தண்ணீராகிவிட்டது என்றாள். கொஞ்ச நேரத்தில் இன்னொருத்தி வந்து, எட்டு மரம்தான் பாக்கி என்றாள். மங்களம் குட்டைக்கரையில் உட்கார்ந்து இரண்டு கையாலும் தண்ணீரை அறைந்தாள். தன் பிள்ளை ஏறிய கப்பல் மூழ்கட்டும், மூழ்கட்டும் என்று மாரியம்மனைக் கூவி அழைத்த தாய் அந்த வட்டாரத்தில் அவள் ஒருத்திதான்.

குடையோடு கரையில் நின்றிருந்த பஞ்சலிங்கம் கிராணி அப்போது, "அதுக்குப் பேர் வைச்சனீங்களோ?" என்று கேட்டார். வைக்கவில்லை. தாலி கட்டியவர்களுக்குப் பேர் வைக்கத் தோன்றவில்லை. மரத்துக்கு நம்பர் போடுகிற சிவப்புப் பெயின்டை வரவழைத்து, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தண்ணீரில் இறங்கி, வாழைமட்டையில் இங்கிலீஷ் எழுத்தில் லேடி அமீலியா என்று அழகாக எழுதினார். கடைசி எழுத்தின் வாலை இழுத்துத் தூரிகையை எடுத்ததும், கப்பல் இரும்பைப் போல, ஒரு குமிழிகூட விடாமல், நேராகக் கீழே போயிற்று. பால் வாளி போயிற்று, மஞ்சள் முடிச்சு போயிற்று. சன்னாசியின் தலைத்துண்டும் அதோடு போயிற்று. "எழுத்துக்கு இவ்வளவு பாரம் இருக்கெண்டு இண்டைக்குத்தான் கண்டன்" என்று சொல்லிவிட்டுக் கிராணி கரையேறினார்.

காட்டில் முதல் மரம் மட்டும் பாக்கியிருந்தது. அதன் கோட்டில் பால் நீர்த்து, ஒரு கணம் நின்று, பிறகு மறுபடி வெளுத்தது. அங்கிருந்து ஒவ்வொரு மரமாகக் கடைக்கோடி வரை வெள்ளை திரும்பிப் போனது. மங்களம் எல்லா மரத்தையும் நக்கிப் பார்த்த பிறகே வீட்டுக்குப் போனாள்.

லேடி அமீலியா வங்காளக் கடலில் எல்லா உயிரோடும் மூழ்கியது என்று பினாங்குப் பத்திரிகை எழுதியது. லேடி அமீலியா சுகமாகப் பினாங்கு வந்து சேர்ந்தது என்று அதே பத்திரிகை மறுநாள் எழுதியது. இரண்டில் எதையும் பத்திரிகைக்காரர்கள் திருத்தவில்லை, தேவைப்படவுமில்லை. துறைமுகத்தில் பார்த்தவர்கள், பெயின்ட் வாசனை போகாத கப்பலின் அடிவயிறெல்லாம் சிப்பி அடைந்து, கைப்பிடிகளில் பாசி தொங்கியது என்றார்கள். பிரயாணிகளுக்குப் பெரிதாக எதுவும் தெரியவில்லை. ஒரு மத்தியானம் வெளியே பச்சையாக இருட்டிக்கொண்டு வந்ததாகவும், கொஞ்ச நேரம் மீன்கள் சன்னல் வழியாக எட்டிப் பார்த்ததாகவும், பிறகு வெயில் வந்ததாகவும் சொன்னார்கள்.

ஜெரஜாக் தீவில் நோய் சோதனைக்கு அடைத்து வைத்திருந்து அனுப்பியதால், ஐயாவு கங்காணி ஆட்களோடு சுங்கை சிப்புட்டில் ரயிலை விட்டு இறங்க மேலும் ஒரு வாரம் ஆயிற்று. இறங்கியதும், காத்து நின்ற மங்களத்தின் முன்னால் அவர் தலையைச் சாய்த்துக் காதைத் தட்டினார். சின்ன நண்டு ஒன்று விழுந்து தண்டவாளத்துக்கு அடியில் ஓடிற்று. "பாத்தியா தங்கச்சி, நீ கேட்ட மாதிரியே புதுக் கப்பல்லதான் கூட்டியாந்தேன்" என்றார். அவருக்குப் பின்னால், இதுவரை யார் காட்டிய உயரத்திலும் அடங்காத ஓர் உயரத்தில் வீரம்மா நின்றாள். மங்களம் அவளைக் கட்டிக்கொண்டபோது தோளெல்லாம் நனைந்தது. பிள்ளையின் தலை சொட்டச் சொட்ட ஈரமாக இருந்தது.

"மழைல நனைஞ்சியா?"

"இல்லத்தா. கப்பல்லேருந்து இப்புடித்தான் இருக்கு. காய மாட்டேங்குது."

காயவில்லை. தோட்டத்து ஆஸ்பத்திரி டிரெஸ்ஸர் துவட்டிப் பார்த்தார், மருந்து தடவிப் பார்த்தார், கடைசியில் சளி பிடிக்கவில்லையே, பிறகென்ன என்று விட்டுவிட்டார். சாம்பிராணிப் புகை காட்டியும் மாறவில்லை. முடிக்கற்றை குட்டைக்குள் கிடக்கிற வரை முடி எப்படிக் காயும் என்று செல்லாயி சொன்னாள்; எடுத்துவிடலாமா என்று சன்னாசி கேட்டதற்கு, மூழ்கியது மேலே வந்தால் பிள்ளைக்கு ஆகாது என்று மங்களம் அரிவாளைத் தூக்கினாள். குட்டைப் பக்கம் எவரையும் மீன் பிடிக்கக்கூட அவள் விடவில்லை. சாயங்காலம் வேலை முடிந்ததும் மகளை வாசலில் உட்காரவைத்து, கூந்தலை முறுக்கிப் பிழிந்து தண்ணீரைத் தாம்பாளத்தில் பிடித்தாள். வெயிலில் அது உப்பாயிற்று.

இருபத்தொன்பதாம் வருஷத்துக் கோடையில் ஒருநாள் ரப்பர் புகைக்கூடத்தில் வேலை செய்துவிட்டு வந்த வீரம்மா, "ஆத்தா, தல காஞ்சிருச்சு பாரேன்!" என்று சந்தோஷமாகப் பின்னலை ஆட்டிக் காட்டினாள். மங்களம் மகளின் தலையைத் தொட்டாள்; உமியைப் போல உலர்ந்திருந்தது. மகளைச் சுவரோடு சாய்த்து நெஞ்சில் காது வைத்தாள். பிறகு வாசலில் உட்காரவைத்து இரண்டு கைகளையும் அவள் தலையில் வைத்தபடி, சமையலை மறந்து காத்திருந்தாள். விளக்கு வைக்கிற நேரத்தில் உள்ளங்கையில் குளிர்ச்சியாக ஒன்று பட்டது. காதோரத்திலிருந்து ஒரு துளி இறங்கி மகளின் கழுத்தில் ஓடிற்று. மங்களம் அதை விரலால் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தாள். உப்பு சரியாக இருந்தது. பெருமூச்சு விட்டு எழுந்து, கூந்தலை முறுக்கி ஒரு பிழி பிழிந்து, அடுப்பிலிருந்த கருவாட்டுக் குழம்புக்கு அளவாக விட்டாள்.