இடப்பக்கம் போன தேனீ

ஞாயிறு காலையிலேயே லேப்டாப்பும் ஹெட்போனுமாகச் சகலை வந்துவிட்டான். கணினிக் கடை வைத்திருப்பவன். கடைக்குப் புதிதாக எது வந்தாலும் வெள்ளோட்டம் இந்த வீட்டில்தான்.

"இனிமே படம், கேம் எல்லாம் இதுலதாண்ணே. சத்தம் தலையைச் சுத்தி எட்டுத் திசையிலயும் கேக்கும். மாட்டுங்க."

அவர் மாட்டிக்கொண்டார். திரையில் ஒரு தலை. அதைச் சுற்றிவரும் ஒரு மஞ்சள் புள்ளி. புள்ளி இருக்கும் பக்கம் தேனீ ரீங்கரிக்க வேண்டுமாம். வலது காதோரம் வந்தபோது உடம்பே கூசியது. பின்னந்தலை வழியாக இடப்பக்கம் போனது. போனது போனதுதான். அடுத்த தெருவில் யாரோ முனகுவதுபோல் இருந்தது. பிறகு மூக்குக்கு முன்னால் வந்து, மறுபடி வலப்பக்கம்.

"இடது பக்கம் வேலை செய்யல."

சகலை வாங்கி மாட்டினான். "எனக்கு ஜம்முனு சுத்துதே! ஓ... கம்ப்யூட்டர்லயே இன்னொரு சரவுண்ட் சவுண்ட் ஓடுது. ரெண்டும் சேர்ந்தா குழப்பும்." அதை அணைத்தான்.

மறுபடியும் தேனீ இடப்பக்கம் காணாமல் போனது.

"ஓட்டைச் சாமானை என் தலையில கட்டப் பாக்குறியா?"

"அட, திருப்பி மாட்டுங்க. யாரு ஓட்டைன்னு தெரிஞ்சிடும்."

திருப்பி மாட்டினார். இப்போது புள்ளி இடப்பக்கம் போனால் தேனீ வலது காதில் அலறியது. வலப்பக்கம் வந்தால் அடங்கியது.

"இப்ப வலப்பக்கம் வேலை செய்யல" என்றார்.

சகலையின் சிரிப்பு நின்றது. "அண்ணே, ஹெட்போன்ல கோளாறு ஒண்ணுமில்ல. ரெண்டு தடவையும் உங்க இடது காதுலதான் கேக்கல."

அவர் புள்ளியையே பார்த்துக்கொண்டிருந்தார். போனை எப்போதும் வலது காதில்தான் வைக்கிறார். ஏன் என்று யோசித்ததே இல்லை. அப்படியானால் செவ்வாய்க்கிழமை? வேலை பார்க்கும் கிடங்கில் அவர் பெட்டி தூக்கும் ஃபோர்க்லிஃப்ட் வண்டியைத் திருப்பியபோது, இடப்பக்கமிருந்து, எல்லோரும் பீரங்கி என்று கூப்பிடும் இன்னொரு டிரைவரின் வண்டி வந்து மோதியது. அடுக்கிய பெட்டிகள் சரிந்தன. நல்லவேளை, யாருக்கும் அடியில்லை. அந்த நேரம் அங்கே வேறு ஆளும் இல்லை. ஹாரன் அடித்ததாகப் பீரங்கி தலையில் அடித்துச் சத்தியம் செய்தான். அடிக்கவே இல்லை என்று இவர் எழுதிக் கையெழுத்துப் போட்டார். பொய்யென்று நினைத்து எழுதவில்லை. நாளை விசாரணை. பீரங்கிக்குச் சீட்டுக் கிழியும் என்று பேச்சு.

உண்மையைச் சொன்னால்? ஒற்றைக் காதுக்காரனை யார் வண்டியில் உட்காரவைப்பார்கள்? ஆனால் உண்மைதான் எது? அடித்தானா, அடிக்கவில்லையா? தனக்குக் கேட்கவில்லை, அவ்வளவுதானே தெரியும்.

"டாக்டர்கிட்ட காட்டலாம்ணே. அழுக்கா இருந்தாலும் இருக்கும்."

அவர் ஹெட்போனைக் கழற்றிவைத்தார். பீரங்கியின் எண்ணை அழுத்தி, போனை இடது காதில் வைத்தார். மணி அடிக்கிறதா என்றே தெரியவில்லை. வலது காதுக்கு மாற்றினார்.

"...யாருன்னு கேக்குறேன்ல? காதுல விழலையா?"

"விழலப்பா" என்றார். "அன்னைக்கும் விழல. நாளைக்கு நானே சொல்லிடறேன்."

மறுமுனையில் வெகுநேரம் சத்தமில்லை. எந்தக் காதைச் சந்தேகிப்பது என்று தெரியாமல், போனை இன்னும் அழுத்திப் பிடித்துக்கொண்டு நின்றார்.