ஒரே பட்டையில் இரண்டு குடித்தனம்

என் ஓரகத்திக்கு அலுவலகத்தில் பூதக்கண்ணாடி என்று பட்டப்பெயர். அடுத்தவர் பிழை அவள் கண்ணுக்குப் பத்து மடங்கு பெரிதாகத் தெரியும். அந்தத் தாவர ஆய்வகத்தில் அவள் லைக்கன் பிரிவின் தலைவி, வீட்டில் மூத்த மருமகள். இரண்டு இடத்திலும் நான் அவளுக்குக் கீழே.

லைக்கன் என்பது பூஞ்சையும் பாசியும் ஒட்டி வாழும் படலம்; காட்டில் ஒரு மரப்பட்டையில் அப்படி ஒன்றைக் கண்டேன். சுண்ணாம்பு பூசியதுபோல் வெளுத்த படலம், அதன்மேல் யாரோ அவசரத்தில் கிறுக்கியதுபோல் கறுப்புக் கோடுகள். அந்தக் கோடுகள்தாம் அதன் கனிகள். உள்ளேயிருக்கும் ஸ்போர்களில், அதாவது விதைபோன்ற நுண்துகள்களில், எத்தனை அறைகள் என்று எண்ணித்தான் இனத்தைச் சொல்ல முடியும். ஒன்றில் நான்கு, ஒன்றில் பன்னிரண்டு என்று கலந்து வந்தது. அப்படி ஓர் இனம் எந்த நூலிலும் இல்லை. அடுத்த மாதமே சாலைக்காக அந்த மரத்தை வெட்டிவிட்டார்கள். மிஞ்சியது என் உறையிலிருந்த கட்டைவிரல் அகலத் துண்டு மட்டும். புதுப் பெயர் வைக்க, கனியோடு கூடிய மாதிரி கையிருப்பில் இருக்க வேண்டும். தலைவியும் கையெழுத்திட வேண்டும்.

"நான் பாக்காம போட மாட்டேன்" என்று உறையைப் பிடுங்காத குறையாக வாங்கிக்கொண்டாள்.

பிளேடால் ஒரு கோட்டைச் சீவி, கரைசலில் ஊறவைத்து மைக்ராஸ்கோப்பில் பார்த்தாள். சீவல் தடிமன் என்றாள். இன்னொன்று. அது கலங்கல். நான் பக்கத்திலேயே நின்றேன். போதும் என்று இரண்டு முறை சொன்னேன். பதறாதே, உன் சொத்தா என்று கேட்டுவிட்டு அடுத்ததை வெட்டினாள். மதியம்வரை துண்டின் இடப்பக்கத்தையே குடைந்தாள். பிறகு முகம் மலர்ந்தது.

"வந்து பாரு. நடுவுல முடி மாதிரி ஒரு கறுப்புக் கோடு ஓடுது. அது வேலி. ஒரே பட்டையில ரெண்டு குடித்தனம். நீ ஒரே குடும்பம்னு எழுதி வச்சிருக்க."

உண்மைதான். வலப்பக்கத்தில் நான்கு அறைகள், எங்கும் கிடைக்கும் சாதாரண இனம். இடப்பக்கத்தில் பன்னிரண்டு. இரண்டையும் ஒன்றாகக் குழப்பியிருந்தேன். அவள் சிரித்துக்கொண்டே, ராத்திரி வீட்டில் எல்லோருக்கும் சொல்லலாம் என்றாள்.

நான் நூலை எடுத்துப் பன்னிரண்டு அறை வரிசையைப் புரட்டினேன். அந்த நிறத்தில், அந்த வடிவத்தில் ஒன்றுமில்லை. நூலை அவள் பக்கம் திருப்பினேன்.

"அப்ப இடப்பக்கம் குடியிருந்தது யாரு, அக்கா?"

அவள் இரண்டு முறை படித்தாள். பிறகு பட்டையை லென்ஸில் பார்த்தாள். இடப்பக்கத்தில் வெறும் வெள்ளை. அங்கிருந்த ஒன்பது கோடுகளையும் அவளே சீவித் தீர்த்திருந்தாள். கரைசலில் ஊறிய கடைசிச் சீவலும் கூழாகியிருந்தது.

"வீட்ல இதைப் பத்திப் பேச வேண்டாம்" என்றாள்.

மாதிரியிலிருந்து எடுத்தவர் ஒரு சீட்டெழுதி உறையில் ஒட்ட வேண்டும். அவளே கொண்டுவந்த விதி. சீட்டையும் பேனாவையும் அவள் முன்னால் வைத்தேன். பெயர், தேதி, எடுத்த கனிகள் எத்தனை என்று எழுதிக்கொண்டு வந்தவள் ஓரிடத்தில் நின்றாள்.

"இனம்னு கேட்டிருக்கே, என்ன போட?"

"காலியா விடுங்கக்கா. பாக்கறவங்க யாருன்னு கேக்கட்டும்."