சுவர் தாண்டிப் போன நினைவு

பேரீச்ச மரத்தின் உச்சியில் உட்கார்ந்து காய்ப்பதற்காக ஆண் பாளையின் மகரந்தத்தைப் பூங்குலைமேல் உதறிக்கொண்டிருந்தபோது, ஸாஸிக்கு மார்பில் பால் கட்டியது.

ஐம்பத்திரண்டு வயது, கல்யாணமே ஆகாத ஆள், வாயைத் திறந்தால் வசவு. அப்பேர்ப்பட்டவருக்கு மார்பு கனத்து வலித்தது. கைகளில் நாற்பது நாள் குழந்தையின் சூடு. எதிரே லாரி டிரைவர் பஷீர், உடம்பெல்லாம் புழுதியோடு, கையைச் சட்டையில் துடைத்துத் துடைத்து, "குடு நஸீஹா, பயமாத்தான் இருக்கு, இருந்தாலும் குடு" என்கிறான். வெளியே ஹாரன் அலறுகிறது. கொடுக்க மனசில்லை. ஆனாலும் கொடுத்தாகிவிட்டது. பஷீர் குழந்தையைச் சூடான ரொட்டித் தட்டைப் போல ஏந்திக்கொண்டு, அதன் காதில் தாளம் தப்பிப் பாடுகிறான்.

ஸாஸி மரத்தை இறுகக் கட்டிக்கொண்டார். பக்கத்து வீட்டு நஸீஹாவின் புருஷன் பஷீர் செத்து இருபத்து நான்கு வருஷமாகிறது. இது தன் நினைவே இல்லை. சுவருக்கு அந்தப் பக்கம் நஸீஹாவின் முற்றத்தில் என்ன நடந்திருக்கும் என்று அவருக்கு உடனே புரிந்துவிட்டது.

நுவைல் ஊர்க்காரர்களுக்குக் கடைத்தெருவில் பேச அரபு உண்டு. நினைவைக் கொடுக்கத் தெம்னா என்று தனி மொழி. தெம்னாவில் சொன்ன நினைவு சொன்னவரிடம் தங்காது, முதலில் கேட்ட காதுக்குப் போய்ச் சேர்ந்துவிடும். அதனால் அந்த மொழியில் 'எப்போது நடந்தது' என்று யாரும் கேட்பதில்லை. 'யாரிடம் இருக்கிறது' என்றுதான் கேட்பார்கள். கதவைச் சாத்திக்கொண்டு, வாயைக் காதோடு வைத்துச் சொல்ல வேண்டிய மொழி அது. கல்யாணத்துக்கு முந்தின மருதாணி நாளில் தாய் தன் மகளுக்கு ஒரு நினைவைக் கொடுப்பது வழக்கம். நஸீஹா அவசரக்குடுக்கை. மகள் ஸலூஹாவின் தலையில் மருதாணியை அப்பி, காதையும் சேர்த்துத் துண்டைக் கட்டிவிட்டு, அப்புறம்தான் ஞாபகம் வந்து, துண்டைத் தாண்டிக் கேட்கட்டும் என்று உரக்கச் சொல்லித் தொலைத்திருக்கிறாள்.

ஸாஸி தட்டுத் தடுமாறி இறங்கி, சுவர் மேல் எட்டிப் பார்த்தார். ஸலூஹா துண்டுத் தலையோடு நின்றிருந்தாள். நேற்றுகூட, ஆட்டை அவிழ்த்துவிட்டாள் என்று அவளைத் திட்டித் தீர்த்தவர்தான் இவர்.

"அடி என் கண்ணே! இத்தனை பெரிசா வளந்துட்டியே!" என்றார்.

நஸீஹா தலையில் அடித்துக்கொண்டாள். "போச்சு! போயும் போயும் இந்த ஆளுகிட்டயா விழணும்?"

ஸலூஹா துண்டைப் பிய்த்தெறிந்தாள். "எனக்கு ஒண்ணுமே வரலையேம்மா! என்ன சொன்னீங்க?"

"எனக்கெப்படித் தெரியும்? சொன்னதுதான் போயிடுச்சே! உங்கப்பா உன்னத் தூக்கினதச் சொல்லணும்னு நெனச்சேன். அந்த நெனப்பு மட்டுந்தான் மிச்சம். உள்ள போய்ப் பாத்தா வழிச்ச சட்டி."

பஷீர் மகளைத் தூக்கியது அந்த ஒரே முறைதான். அன்று மதியமே லாரியோடு எல்லை தாண்டிப் போனவன், காய்ச்சல் கண்டு அங்கேயே முடிந்துபோனான். படம் எடுத்து வைக்கவும் ஆளில்லை. அப்பாவும் மகளும் ஒன்றாக இருந்தது இப்போது உலகத்திலேயே ஸாஸியின் தலைக்குள் மட்டும்தான் இருந்தது.

"ஓய், இங்க வந்து இவ காதுல சொல்லிட்டுப் போயிடு" என்றாள் நஸீஹா.

"சாயந்திரம் அஸர் தொழுகை வரைக்கும் இருக்கட்டும். அப்புறம் பாக்கலாம்."

"பாக்கலாமா? இதென்ன இரவல் வாங்கின சல்லடையா?"

மேலே பேச அவளுக்கு நாக்கு துறுதுறுத்தது. ஆனால் மிரட்டிச் சொல்லவைத்த நினைவு யாருக்கும் இல்லாமல் கரைந்துபோகும். பதினெட்டு வருஷமாகச் சுவருக்கு மேலே சண்டை போட்டவள், முதல் தடவையாக வாயை மூடிக்கொண்டாள். கொஞ்ச நேரத்தில், ஆட்டுக்கறி போட்ட கூஸ்கூஸ் தட்டு ஒன்று சத்தமில்லாமல் சுவர் மேல் வந்து உட்கார்ந்தது.

ஸாஸி அதைத் தொடவில்லை. வீட்டுக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு பாயில் உட்கார்ந்தார். முள் கிழித்த கைகள் என்று ஊரில் யாரும் அவரிடம் குழந்தையை நீட்டியதில்லை. இப்போது நீட்டி வைத்திருந்த கையில் அந்தச் சின்ன முதுகு புழுவாக நெளிந்தது. வைத்துக்கொண்டால் யார் என்ன செய்ய முடியும்? சாகும்வரை வைத்துக்கொள்ளலாம். அவருக்கு அவ்வளவு ஆசையாக இருந்தது.

ஆனால் வந்தது வெறும் காட்சி இல்லையே. தாயின் மனசும் கூடவே வந்துவிட்டது. அந்த மனசு, குழந்தைக்குச் சேர வேண்டியதைப் பதுக்க விடுமா? சுவருக்கு அந்தப் பக்கம் ஸலூஹா விசும்புவது கேட்டதும் அவருக்கு மறுபடி பால் கட்டிக்கொண்டது. பாங்கு சொல்வதற்கு முன்பே எழுந்து போய் நஸீஹாவின் கதவைத் தட்டினார்.

உள்ளறையில் கதவைச் சாத்திக்கொண்டு, ஸலூஹாவின் காதில் வாயை வைத்துக் கடைசிச் சொல்வரை சொன்னார். ஸலூஹா அப்பாவைப் பார்த்தாள். பார்த்தபடியே கையை நீட்டினாள். அழுதாள். சிரித்தாள்.

ஸாஸி எழுந்து, கைகளைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். அவருக்கு எதிரே இப்போது இருந்தது ஆட்டை அவிழ்த்துவிடுகிற அடுத்த வீட்டுப் பெண், அவ்வளவுதான். ஏதோ பெரிதாக ஒன்று இருந்த இடம் மட்டும் உள்ளே காலியாகக் கிடந்தது.

"சரி, வரேன்" என்றார். "மரத்துல வேல பாதியில கெடக்கு."

கதவுக்கு வெளியிலிருந்து நஸீஹா பரபரத்தாள். "எப்படித் தூக்கினாருடி? சொல்லுடி! அரபுலயே சொல்லு, உன்னவிட்டுப் போகாது!"

"இதோ வரேன்மா. கொஞ்சம் இருங்க." ஸலூஹா ஸாஸியின் கையைப் பிடித்து உட்காரவைத்தாள். அவரை அப்படியே வெறுமையாகப் போகவிட அவளுக்கு மனம் வரவில்லை. "சித்தப்பா, காதக் காட்டுங்க."

"உன் கல்யாணத்துக்கு நீ எனக்குக் குடுக்கிறியா? நல்ல வழக்கம்!"

"காட்டுங்கன்னா."

அவள் தெம்னாவில் சொன்னாள். ஸாஸிக்கு வந்தது இன்று காலை. சுவர். சுவருக்கு மேலே ஒரு முகம். மீசையெல்லாம் மகரந்தத் தூள், கன்னமெல்லாம் கண்ணீர். இந்த உலகத்தில் நீ ஒருத்திதான் என்பது போல அந்த முகம் பார்க்கிறது. பார்க்கப்பட்டவள், அப்பா இருந்திருந்தால் இப்படித்தானே பார்த்திருப்பார் என்று நினைக்கிறாள்.

அந்த முகம் யாருடையது என்று ஸாஸிக்கு விளங்கச் சற்று நேரமாயிற்று.

ஸலூஹா கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்டாள். "என்ன குடுத்தேன் சித்தப்பா? நல்லதாத்தான் குடுத்தேனா?"

"நல்லதுதான்மா" என்றார் ஸாஸி. "இது நான்தானான்னு இன்னும் பாத்துக்கிட்டிருக்கேன்."